ஐம்பது வயதில் வந்த வேடம்: குந்தர் லாம்ப்ரெக்டும் ஜெர்மன் தொலைக்காட்சியும்

பெர்லினின் டேகல் சிறை வாசலில் ஒருவன் நிற்கிறான். நான்கு ஆண்டுத் தண்டனை முடிந்துவிட்டது. இனி அவன் போகலாம். கனத்த உடம்பு, அகன்ற தோள், உருண்டை முகம். எதிரே வருபவர் தாமாக ஒதுங்கி வழிவிடும் ஆகிருதி. ஆனால் வெளியுலகின் இரைச்சல் காதில் விழுந்ததும் அந்த உடம்பு அப்படியே ஒடுங்குகிறது. இரண்டு கைகளாலும் காதைப் பொத்திக்கொண்டு, வாய் பிளந்து அலறுகிறான். 'தண்டனை ஆரம்பமாகிறது' என்பது அந்த முதல் பகுதியின் தலைப்பு.

1980 அக்டோபரில் மேற்கு ஜெர்மனியின் ஏ.ஆர்.டி. அலைவரிசையில் தொடங்கிய 'பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்' தொடர் இப்படித்தான் திறக்கிறது. ஆல்ஃப்ரெட் டோப்ளின் 1929இல் எழுதிய நாவலை ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர் 13 பகுதிகளும் ஒரு பின்னுரையுமாக, ஏறத்தாழ 15 மணி நேரத்துக்கு எடுத்திருந்தார். அலறிய அந்த மனிதன் ஃப்ரான்ஸ் பீபர்கோப். அவனாக நடித்த குந்தர் லாம்ப்ரெக்டுக்கு அப்போது ஐம்பது வயது. அதற்குமுன் கால் நூற்றாண்டு காலம் மேடையிலும் தொலைக்காட்சியிலும் பெரும்பாலும் இரண்டாம், மூன்றாம் வரிசை வேடங்களில் நின்றவர். முகம் தெரியும், பெயர் சட்டென்று நினைவுக்கு வராது என்று சொல்லத்தக்க குணச்சித்திர நடிகர்.

அப்படிப்பட்டவரின் தோள்மேல் பதினைந்து மணி நேரத்தை ஏற்றிவைக்கும் துணிச்சல் எங்கிருந்து வந்தது? ஃபாஸ்பிண்டரின் மேதைமை என்று சொல்லி நிறுத்திக்கொள்வதுதான் வழக்கம். அது பாதி உண்மை என்றே நான் கருதுகிறேன். மீதிப் பாதி, அக்காலத்து ஜெர்மன் பொதுத் தொலைக்காட்சியின் அமைப்பில் இருக்கிறது. அந்த அமைப்பு இல்லாமல் லாம்ப்ரெக்டின் வாழ்க்கையைப் புரிந்துகொள்ள முடியாது. லாம்ப்ரெக்டைப் போன்றவர்கள் இல்லாமல் அந்த அமைப்பு தன் மிகச் சிறந்த பணியைச் செய்திருக்கவும் முடியாது.

அவர் 1930 ஜனவரி 21 அன்று பெர்லினில் பிறந்தார். அப்பா டாக்ஸி ஓட்டுநர். அவருடைய மூன்றாம் வயதில் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். பதினைந்தாம் வயதில் போர் முடிந்தது. அவருடைய பள்ளிப் பருவம் முழுவதும் நாஜி ஆட்சிக்குள் அடங்கிவிடுகிறது. அந்த வயதுக்காரர்களின் முன்னால் 1945இல் கிடந்தது இடிந்த நகரம், கள்ளச் சந்தை, பசி. அந்த இளமையைப் பின்னாளில் 2002இல் வெளியிட்ட தன்வரலாற்று நூலில் அவரே எழுதினார். 2007இல் அதன் தொடர்ச்சியாக இன்னொரு நூலும் வந்தது. நடிப்பு அவருக்குக் குடும்பச் சொத்தாக வரவில்லை. இருபதைக் கடந்த பிறகுதான் பெர்லினின் மாக்ஸ் ரைன்ஹார்ட் நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். 1955இல் ஷில்லர் நாடக அரங்கில் மேடையேறினார். பிறகு போஹும் உள்ளிட்ட மேற்கு ஜெர்மன் நகரங்களின் நாடக அரங்குகள்.

ஜெர்மன் நகர நாடக அரங்கு பற்றி இங்கே ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். நடுத்தர அளவிலான ஊருக்குக்கூட அங்கே சொந்த அரங்கும், பொதுப் பணத்தில் சம்பளம் பெறும் நிலையான நடிகர் குழுவும் உண்டு. ஒப்பந்தக் காலம் முழுக்க நடிகர் அந்தக் குழுவில் இருப்பார். இன்று ஷேக்ஸ்பியரில் காவலாள், நாளை ப்ரெக்டில் தொழிலாளி, அடுத்த வாரம் இலேசான நகைச்சுவை நாடகத்தில் மாமனார். இந்தச் சுழற்சியில் பழகியவருக்கு எந்த வேடமும் சின்ன வேடம் இல்லை. மேடையில் நிற்கும் ஐந்து நிமிடத்துக்குள் ஒரு ஆளை முழுதாகக் காட்டிவிட வேண்டும். லாம்ப்ரெக்டின் நடிப்பில் பின்னாளில் நாம் காணும் சிக்கனம் இந்தப் பட்டறையில் உருவானது. கையை வீசமாட்டார். வசனத்தின் கடைசிச் சொல்லை அழுத்திக் கைத்தட்டல் வாங்கப் பார்க்கமாட்டார்.

மேடையிலிருந்து தொலைக்காட்சிக்குப் போவது அன்றைய ஜெர்மன் நடிகருக்கு இறக்கமாகத் தெரியவில்லை. மாநில ஒலிபரப்பு நிறுவனங்களின் கூட்டமைப்பான ஏ.ஆர்.டி. 1950இல் உருவானது. இரண்டாவது அலைவரிசையான ஸெட்.டி.எஃப். 1963இல் வந்தது. தனியார் அலைவரிசைகள் 1984இல்தான் நுழைந்தன. இடைப்பட்ட இருபதாண்டுக் காலம் வீடுகளிலிருந்து வசூலான கட்டணத்தில் இயங்கிய பொதுத் தொலைக்காட்சியின் காலம். மாலையில் பார்ப்பதற்கு இருந்ததே இரண்டு மூன்று அலைவரிசைகள்தான் என்பதால், கடினமான படைப்பைக்கூடப் பல லட்சம் பேர் பார்த்தார்கள். 1974இல் தொலைக்காட்சி நிறுவனங்களும் திரைப்படத் துறையும் ஓர் உடன்பாட்டுக்கு வந்தன. அதன்படி தொலைக்காட்சியின் பணம் திரைப்படத் தயாரிப்புக்கும் போகத் தொடங்கியது. புதிய ஜெர்மன் சினிமா என்று உலகம் கொண்டாடியதன் பின்னால் நின்றது பெரும்பாலும் தொலைக்காட்சிப் பணமே.

கொலோனில் இருந்த டபிள்யூ.டி.ஆர். நிறுவனத்தின் நாடகப் பிரிவு இதில் முன்னின்றது. அதன் தலைவர் குந்தர் ரோர்பாக்; அங்கே பணியாற்றியவர் பேட்டர் மெர்தெஸ்ஹைமர். ஃபாஸ்பிண்டர் இயக்கிய தொழிலாளர் குடும்பத் தொடரான 'எட்டு மணி நேரம் ஒரு நாள் ஆகாது' 1972இல் அங்கிருந்துதான் வந்தது. இந்த இருவரும் பின்னர் மியூனிக்கின் பவேரியா ஸ்டூடியோவுக்கு இடம்பெயர்ந்து 'பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்' உருவாகக் காரணமானார்கள். இயக்குநர்களின் பெயரால் மட்டுமே எழுதப்பட்ட வரலாறுகளில் இத்தகைய அதிகாரிகள் அடிக்குறிப்பாகத் தேய்ந்துவிடுகிறார்கள். அது நியாயம் இல்லை. தொழிலாளி, குடிகாரன், கடனாளி, ஓய்வூதியக் கிழவி ஆகியோரின் கதைகளுக்கு மாலை நேரத்தை ஒதுக்கியது அவர்கள் எடுத்த முடிவு. அத்தகைய கதைகளுக்கு அழகிய முகங்கள் உதவாது. சினிமாவில் நாயகனாக முடியாத முகங்களுக்கு அங்கே வேலை பிறந்தது.

லாம்ப்ரெக்டின் எழுபதுகள் இந்த மண்ணில்தான் வேர்விட்டன. 1973இல் ஃபாஸ்பிண்டரின் இரண்டு பகுதி அறிவியல் புனைவான 'கம்பியில் ஓர் உலகம்' படத்தில் சின்ன வேடம். மறு ஆண்டு 'மார்த்தா'வில் இன்னொன்று. 1979இல் வந்த 'மரியா பிரவுனின் திருமணம்' படத்தில் நாயகியின் அம்மாவுக்குத் துணைவராக வரும் ஹான்ஸ் வெட்ஸல் அவர்தான். ஆனால் அவர் எப்பேர்ப்பட்ட நடிகர் என்பதை நாட்டுக்குக் காட்டியவை வேறு இரண்டு படங்கள்.

ஒன்று, எர்வின் கொய்ஷ் 1976இல் இயக்கிய 'பேக்கரின் ரொட்டி'. பவேரியாவில் நியூரம்பெர்குக்குப் பக்கத்தில் உள்ள ஹெர்ஸ்புருக் என்ற சிறு நகரில் பேக்கரி நடத்தும் கியோர்க் பௌம் என்பவர் கதை. கைவேலையில் தேர்ந்தவர். பக்கத்தில் பெரிய அங்காடி வந்து, மலிவான ஆலை ரொட்டியை அடுக்கி வைக்கிறது. அவர் கடன் வாங்கி இயந்திரம் போடுகிறார். இயந்திரம் கடனைப் பெருக்குகிறது. புதிதாகத் தொழில் கற்க வந்த இளைஞனின் கண் வழியாகவே படம் பெரிதும் நகர்கிறது. அவன் கற்றுக்கொள்வதைப் பார்த்துக்கொண்டே நாமும் மாவு எப்படிப் பிசையப்படுகிறது, எப்போது பொங்குகிறது, அடுப்புக்குள் எப்படிப் போகிறது என்பதையெல்லாம் கற்கிறோம். இதில் லாம்ப்ரெக்ட் கைகளால் நடிக்கிறார். விடியலுக்கு முன்னே எழுந்து நாற்பது ஆண்டு மாவைத் தொட்டவர் போலிருக்கிறது அந்தக் கைகளின் வேகமும் அலட்சியமும். தொழில் சரியும்போது முகத்தில் பெரிய மாற்றம் எதையும் அவர் காட்டுவதில்லை. தனக்கு நன்கு தெரிந்த வேலையைச் செய்யும் கைகளுக்கும், புரியாத கணக்கைப் பார்க்கும் கண்களுக்கும் இடையிலுள்ள தூரம் கூடிக்கொண்டே போகிறது. சிறுவணிகரின் அழிவைப் பற்றி எத்தனையோ படங்கள் உண்டு. பொருளாதாரத்தை உடம்பின் வழியே இவ்வளவு தெளிவாகச் சொன்ன வேறொன்றை நான் பார்த்ததில்லை.

மற்றொன்று, பேட்டர் போவே இயக்கி 1977இல் ஒளிபரப்பான 'மறுசரிவுகள்' என்ற தொலைக்காட்சிப் படம். குடிநோயிலிருந்து மீள முயன்று மீண்டும் மீண்டும் விழும் ஒருவரின் கதை. தள்ளாடுவதும் நாக்குழறுவதும் குடிகாரர் வேடத்தின் சுலபமான பாதை. அவர் அதைத் தவிர்த்துக் குடிக்காமல் இருக்கும் நேரத்தை நடித்தார். ஒழுங்காக இருக்கிறேன் என்று பிறருக்குக் காட்டவேண்டிய கட்டாயம், அதற்காக முதுகை நேராக வைத்துக்கொள்ளும் பிரயத்தனம், நல்ல வார்த்தை சொல்பவரைப் பார்க்கும்போது கண்ணில் தோன்றும் வெட்கம் ஆகியவைதான் அங்கே நடிப்பு. பலமான ஆள் பலவீனனாக இருப்பதைப் பார்க்கும் சங்கடத்தை அவர் பார்வையாளர்மேல் சுமத்துகிறார். பீபர்கோப்புக்கான கதவு இங்கேயே திறந்துவிட்டது என்பது என் எண்ணம்.

ஃபாஸ்பிண்டருக்கு டோப்ளினின் அந்த நாவல் பதின்ம வயதிலிருந்தே கூடவே வந்தது. தன் வாழ்க்கையையே அது வடிவமைத்தது என்ற பொருளில் 1980இல் 'டீ ஸைட்' வார இதழில் நீண்ட கட்டுரை எழுதினார். அவருடைய படங்களில் ஃப்ரான்ஸ் என்ற பெயர் திரும்பத் திரும்ப வருகிறது. படத்தொகுப்பாளராகத் தனக்கு வைத்துக்கொண்ட புனைபெயர் ஃப்ரான்ஸ் வால்ஷ். 1975இல் வந்த ஒரு படத்தில் ஃப்ரான்ஸ் பீபர்கோப் என்ற பெயரிலேயே அவர் நாயகனாக நடித்தார். ஆக, லாம்ப்ரெக்டிடம் அவர் கொடுத்தது நாவலின் நாயகனை மட்டும் இல்லை. இயக்குநர் தனக்கென்று பூட்டி வைத்திருந்த இன்னொரு தன்னையும்.

இதே நாவலைத் திரையரங்குக்குத் தனியாக, வேறு நடிகர்களோடு எடுக்கவும் ஃபாஸ்பிண்டர் திட்டம் வைத்திருந்தார். பீபர்கோப்பாக ஜெரார் தெபார்தியுவை நினைத்திருந்தார். அந்தப் படம் நிறைவேறவில்லை. ஆனால் திட்டமே ஒரு செய்தியைச் சொல்கிறது. திரையரங்கில் இரண்டு மூன்று மணி நேரத்துக்குள் பார்வையாளரைக் கட்டிப்போட ஒரு நட்சத்திரம் தேவைப்படும். வாரக்கணக்கில் வீட்டுக்குள் வந்துபோகும் தொடருக்கு வேறு மாதிரியான ஆள் வேண்டும். நட்சத்திரம் தன் ஒளியோடு வருவார். அந்த ஒளி பதினைந்து மணி நேரம் எரிந்தால் கண் கூசும். லாம்ப்ரெக்டிடம் அந்தச் சிக்கல் இல்லை. பார்வையாளர் அவரை முதல் வாரம் சந்தேகத்தோடு பார்த்து, நாலாவது வாரம் பழகி, பத்தாவது வாரம் பயந்து, கடைசியில் விடமுடியாமல் ஒட்டிக்கொள்ளும் அளவுக்கு அவரிடம் இருப்பு இருந்தது.

1979இலும் 1980இலும் படப்பிடிப்பு நடந்தது. பெரும்பகுதி மியூனிக் பவேரியா ஸ்டூடியோவில். 1 கோடியே 30 லட்சம் மார்க் செலவு என்பது ஜெர்மன் தொலைக்காட்சி அதுவரை காணாத தொகை. இத்தாலியின் ராய் நிறுவனமும் பங்கு போட்டது. ஒளிப்பதிவாளர் ஸாவர் ஷ்வார்ட்சன்பெர்கர் 16 மில்லிமீட்டர் படச்சுருளில் பழுப்பும் பொன்னுமான அரையிருட்டில் படமாக்கினார். பார்பரா ஸுகோவா, ஹன்னா ஷிகுல்லா, கோட்ஃப்ரீட் யோன், பிரிகிட்டே மீரா எனச் சுற்றிலும் அபாரமான நடிகர் கூட்டம். நாவலின் கதைசொல்லி வரிகளை ஃபாஸ்பிண்டரே தன் தணிந்த குரலில் படித்தார்.

நாவலின் கதை கொடூரமானது. ஃப்ரான்ஸ் சிறைக்குப் போனதே தன் காதலி ஈடாவை அடித்துக் கொன்றதற்காக. இனி நேர்மையாக வாழ்வேன் என்று சபதம் எடுக்கிறான். கழுத்துப்பட்டை ஊசி விற்கிறான், செய்தித்தாள் விற்கிறான். நாஜிக் கட்சிப் பத்திரிகையைக்கூட எந்த உறுத்தலும் இல்லாமல் விற்கிறான். ரைன்ஹோல்ட் என்பவனோடு நட்பு ஏற்படுகிறது. அவன் ஓடும் காரிலிருந்து ஃப்ரான்ஸைத் தள்ளிவிடுகிறான். ஒரு கை போகிறது. அப்படியும் ஃப்ரான்ஸ் அவனை வெறுக்கவில்லை. பிறகு மீட்ஸே என்ற இளம்பெண் வருகிறாள். அவளையும் ரைன்ஹோல்ட் காட்டில் கொல்கிறான்.

ஈடாவைக் கொல்லும் காட்சியை ஃபாஸ்பிண்டர் தொடர் முழுக்கப் பல முறை திரும்பக் காட்டுகிறார். அதே அறை, அதே அடி, வாசலில் நின்று பார்க்கும் வீட்டுக்காரி பாஸ்ட் அம்மாள். மேலே ஓடும் குரல் மட்டும் ஒவ்வொரு தடவையும் வேறு எதையோ பேசுகிறது. ஃப்ரான்ஸின் மேல் நமக்கு இரக்கம் ஊறும் நேரமாகப் பார்த்து அந்தக் காட்சி வந்து நிற்கிறது. இதைத் தாங்கக்கூடிய நடிகர் அரிது. பெரும்பாலானோர் தங்கள் பாத்திரத்துக்காக வாதாடுவார்கள். கண்ணில் ஒரு துளி ஈரத்தை வைத்து மன்னிப்பு வாங்கித் தருவார்கள். லாம்ப்ரெக்ட் அதைச் செய்யவில்லை. கொலையாளியும் குழந்தைத்தனமானவனும் ஒரே உடம்பில் இருக்கிறார்கள் என்பதை ஒளிக்காமல், விளக்காமல் முன்னால் வைத்தார்.

பதினோராவது பகுதியில் வரும் நிகழ்ச்சி அவருடைய திறமைக்கு உச்சம். மீட்ஸே எவ்வளவு நல்லவள் என்று காட்டுவதற்காக ஃப்ரான்ஸ், ரைன்ஹோல்டை அழைத்து வந்து தன் கட்டிலில் போர்வைக்குள் ஒளித்து வைக்கிறான். பெருமையில் பூரிக்கும் சிறுவனின் முகம். மீட்ஸே வருகிறாள். தனக்கு இன்னொருவன் மேல் மனம் போயிருக்கிறது என்று அழுதபடி சொல்கிறாள். அந்தப் பூரிப்பு முகத்திலிருந்து உடனே அகல்வதில்லை. அதன் அடியில் வேறொன்று எழுகிறது. பிறகு அடி. மீட்ஸேயாக நடித்த ஸுகோவாவின் அலறல் நம்மை உறையவைக்கிறது. ஈடாவைக் கொன்ற அதே உடம்பு அதே அசைவை மறுபடியும் செய்வதை நாம் அடையாளம் காண்கிறோம். இப்போது ஒற்றைக் கைதான்; ஆபத்து குறையவில்லை. இரண்டு மூன்று மணி நேரப் படத்தில் இது அதிர்ச்சியாக முடிந்திருக்கும். பத்து வாரம் இந்த மனிதனோடு பழகியவர்களுக்கு இது துரோகமாகவே தைத்திருக்கும். நீண்ட தொடருக்கு மட்டுமே உரிய அனுபவம் இது.

மென்மையான இடங்களும் அதே அளவுக்கு அவருடையவை. மதுக்கடையில் தனியாக உட்கார்ந்து, தன் முன்னால் வரிசையாக இருக்கும் பீர்க் கோப்பைகளோடு ஃப்ரான்ஸ் உரையாடும் காட்சி அவற்றில் ஒன்று. கோப்பைகளுக்கும் பேச்சைக் கொடுத்து, தானே பதிலும் சொல்லி, தன்னைத் தானே தேற்றிக்கொள்கிறான். இதில் லாம்ப்ரெக்டின் பெர்லின் பேச்சு அவருக்குக் கைகொடுத்தது. தெருவில், சந்தையில், டாக்ஸிக்காரர் வீட்டில் கேட்டு வளர்ந்த வழக்கு. நடிப்புப் பள்ளியில் கற்றதில்லை. டோப்ளின் தன் நாவலில் பெர்லின் உழைக்கும் மக்களின் பேச்சை அப்படியே இறக்கி வைத்திருந்தார். 1931இல் பில் யுட்ஸி எடுத்த முதல் திரைப்பட வடிவத்தில் பீபர்கோப்பாக வந்த ஹைன்ரிஹ் கியோர்கே ஸ்டெட்டினில் பிறந்தவர்; மாபெரும் நடிகர், இடிபோன்ற குரல். அவர் திரையில் வந்தால் மற்றவர்கள் மறைந்துபோவார்கள். லாம்ப்ரெக்டின் பீபர்கோப் கூட்டத்துக்குள் கரைந்துபோகக்கூடியவன். நாவலுக்கு நெருக்கமானவன் இவனே.

ஒளிபரப்பானபோது கிடைத்த வரவேற்பு கசப்பானது. வெனிஸ் திரைவிழாவில் முன்னதாகவே காட்டப்பட்டிருந்தாலும், ஜெர்மன் வீடுகளில் எதிர்ப்பு கிளம்பியது. வன்முறையும் பாலுறவும் மிகுதி என்றார்கள்; கட்டணப் பணத்தில் இதையா எடுப்பது என்றன பரபரப்பு நாளேடுகள். இருட்டுதான் எல்லாவற்றையும்விடப் பெரிய புகாரானது. அன்றைய சின்னத் திரைகளில் ஷ்வார்ட்சன்பெர்கரின் அரையிருட்டு வெறும் கருமையாகத் தெரிந்தது. முகமே தெரியவில்லை என்று மக்கள் சலித்துக்கொண்டார்கள். லாம்ப்ரெக்டுக்கு நேர்ந்த அநீதியும் இதில் அடங்கியிருக்கிறது. வாழ்நாளின் ஆகப் பெரிய வேடத்தைச் செய்து முடித்தவரின் முகத்தின் நுண்ணிய மாற்றங்கள் அன்று பலருக்குப் போய்ச் சேரவே இல்லை. 1983இல் அமெரிக்கத் திரையரங்குகளில் தொடர் முழுதாகக் காட்டப்பட்டு, சூசன் சொண்டாக் போன்றவர்கள் எழுதிய பிறகே அதன் மதிப்பு உயர்ந்தது. 2007இல் புதுப்பிக்கப்பட்ட பிரதி பெர்லின் திரைவிழாவில் வந்தது. மூலத்தைவிட வெளிச்சம் கூடிவிட்டது என்று சிலர் குறைப்பட்டுக்கொண்டார்கள். ஒளிப்பதிவின் நோக்கில் அந்தக் குறையில் நியாயம் இருக்கலாம். நடிகரின் பக்கம் நின்று பார்ப்பவனாக எனக்கு அந்தப் பிரதியே உகந்தது.

1982 ஜூனில் ஃபாஸ்பிண்டர் 37 வயதில் இறந்துபோனார். அவர் இருந்திருந்தால் லாம்ப்ரெக்டின் எண்பதுகள் வேறு மாதிரி இருந்திருக்கக்கூடும். பெரிய வேடத்துக்குப் பின் குணச்சித்திர நடிகருக்கு வரும் சிக்கல் அவருக்கும் வந்தது: சின்ன வேடத்துக்கு அழைக்கத் தயக்கம், பெரிய வேடமோ எழுதப்படுவதில்லை. அவர் அதைப் பொருட்படுத்தியதாகத் தெரியவில்லை, வந்ததைச் செய்தார். வோல்ஃப்காங் பேட்டர்ஸனின் 'தாஸ் போட்' (1981) ஓர் எடுத்துக்காட்டு. அதுவும் ரோர்பாக் காலத்துப் பவேரியாவின் தயாரிப்பு, திரையரங்குக்கும் தொலைக்காட்சிக்கும் சேர்த்து எடுத்தது. நீர்மூழ்கிக் கப்பல் ஸ்பெயினின் விகோ துறைமுகத்தில் ரகசியமாக எரிபொருள் நிரப்ப ஒதுங்குகிறது. அங்கே நிற்கும் 'வேஸர்' என்ற கப்பலின் கேப்டன் லாம்ப்ரெக்ட். வாரக்கணக்கில் தாடியும் அழுக்குமாக வரும் கடற்படையினரில், சீருடை மடிப்புக் கலையாமல் நிற்கும் முதல் அதிகாரியைத் தளபதி என்று நினைத்து உற்சாகமாக வரவேற்கிறார். உண்மையான தளபதி பக்கத்தில் நிற்கிறார். மேசை நிறைய உணவு, கண் நிறைய வீரக்கதை கேட்கும் ஆசை. சில நிமிடக் காட்சி. போரைக் கரையிலிருந்து ரசித்த ஒரு தலைமுறையை அந்தச் சில நிமிடத்துக்குள் அடக்கிவிடுகிறார். நகர நாடக அரங்குப் பட்டறை கொடுத்த சொத்து இது.

நிலையான தொலைக்காட்சி முகம் 1991இல் வாய்த்தது. 1970 முதல் ஏ.ஆர்.டி.யில் ஓடும் 'டாட்டோர்ட்' குற்றப் புலனாய்வுத் தொடருக்கு ஒரு தனித்தன்மை உண்டு. ஒவ்வொரு வட்டார நிறுவனமும் தன் நகரத்தில், தன் சொந்தப் புலனாய்வு அதிகாரியை வைத்துப் படமெடுக்கும். ஞாயிறு இரவு அதைப் பார்ப்பது ஜெர்மன் குடும்பங்களின் வழக்கம். பெர்லினின் எஸ்.எஃப்.பி. நிறுவனத்துக்காக லாம்ப்ரெக்ட் ஃப்ரான்ஸ் மார்கோவிட்ஸ் என்ற அதிகாரியாக 1991 முதல் 1995 வரை எட்டுப் படங்களில் வந்தார். மறுபடியும் ஒரு ஃப்ரான்ஸ். சுவர் விழுந்து ஓராண்டு சொச்சமே ஆன நகரம்; இரண்டு பெர்லின்களும் ஒன்றையொன்று இன்னும் அறியாத காலம். அறுபதைக் கடந்த, நடையில் தளர்ச்சி தெரியும், பேச்சில் பழைய பெர்லின் ஒட்டியிருக்கும் மனிதர் அந்த நகரத்தில் அலைந்தார். ஹைன்ரிஹ் கியோர்கேயின் மகன் கோட்ஸ் கியோர்கே, ஷிமான்ஸ்கி என்ற முரட்டு அதிகாரியாக அதே 'டாட்டோர்ட்'டில் பத்தாண்டு கொடிகட்டிப் பறந்து விடைபெற்றது இதே 1991இல்தான். மார்கோவிட்ஸின் எட்டுப் படங்களில் 'இரத்த சாசேஜ் வால்ட்ஸ்' என்று பொருள்படும் தலைப்பு கொண்ட படத்தை, பின்னாளில் 'குட் பை, லெனின்!' எடுத்த வோல்ஃப்காங் பெக்கர் இயக்கினார். இளம் யூர்கன் ஃபோகல் அதில் நடித்தார். மார்கோவிட்ஸ் ஷிமான்ஸ்கி அளவுக்குப் புகழ் பெறவில்லை. ஓடிப் பிடிப்பதைவிட உட்கார்ந்து கேட்பவராக ஓர் அதிகாரியை அமைத்தது அன்றைய பார்வையாளருக்கு மந்தமாகப் பட்டிருக்கலாம்.

1999 நவம்பர் 1 அன்று நடந்தது எந்தத் திரைக்கதையிலும் அடங்காதது. பவேரியாவின் பாட் ரைஹன்ஹால் ஊரில், பதினாறு வயதுச் சிறுவன் ஒருவன் தன் வீட்டிலிருந்த துப்பாக்கிகளால் எதிரே இருந்த மருத்துவமனையையும் தெருவையும் நோக்கிச் சுட்டான். தன் சகோதரி உட்பட நால்வரைக் கொன்று, தானும் மாண்டான். நாடகப் பயணத்தில் இருந்த லாம்ப்ரெக்டும் அவருடைய வாழ்க்கைத் துணையான நடிகை கிளவுடியா அம்மும் அவர்களுடைய கார் ஓட்டுநரும் படுகாயமடைந்தார்கள். உதவி வரும்வரை வெட்ட வெளியில் கிடந்தார்கள். உடலும் மனமும் தேறி மீண்டும் நடிக்க வந்தார் என்பது ஒரு வரியில் எழுதிவிடக்கூடிய செய்தி. எழுபது வயதை நெருங்கும் நேரத்தில் அதற்குத் தேவைப்பட்ட உறுதியை நினைத்தால் அந்த வரி கனக்கிறது.

அதற்குப் பின்னும் வேடங்கள் வந்தன. அவற்றில் ஒன்றை விடமுடியாது. 2017இல் தொடங்கிய 'பாபிலோன் பெர்லின்' தொடர் 1929ஆம் ஆண்டின் பெர்லினில் நடக்கிறது. அதில் குடியரசுத் தலைவர் பவுல் ஃபான் ஹிண்டன்பர்காக லாம்ப்ரெக்ட் தோன்றினார். பீபர்கோப்பின் கதையும் ஏறத்தாழ அதே ஆண்டுகளில், அதே தெருக்களில் நடந்ததுதான். 1980இல் அந்த நகரத்தின் அடித்தட்டில் செய்தித்தாள் விற்றவர், எண்பத்தேழு வயதில் அதன் உச்சாணியில் அமர்ந்த கிழவராக வந்தார். அந்தக் கிழவர்தான் 1933 ஜனவரியில் ஹிட்லரைப் பிரதமராக்கியவர். அந்த ஆட்சியில் பள்ளிச் சிறுவனாக வளர்ந்த நடிகர் அவரை நடித்தார் என்பதை அறிந்து பார்க்கும்போது காட்சியின் எடை கூடுகிறது. 2022 அக்டோபரில் லாம்ப்ரெக்ட் 92 வயதில் காலமானார்.

2020இல் புர்ஹான் குர்பானி எடுத்த 'பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ்' படத்தில் பீபர்கோப், கினி பிஸாவிலிருந்து வந்த ஃப்ரான்சிஸ் என்ற அகதி. நடித்தவர் வெல்கெட் புங்கே. நேர்மையாக வாழ்வேன் என்ற சபதத்தை இன்று யாரால் காப்பாற்ற முடிவதில்லை என்று குர்பானி கேட்ட கேள்வி சரியானது. ஆனால் மூன்று மணி நேரத்தில் அவர் நிறுத்தவேண்டியிருந்தது. லாம்ப்ரெக்டைப் புதிதாக அறிய விரும்புவோர் பதினைந்து மணி நேரத் தொடரிலிருந்து ஆரம்பிக்க வேண்டாம் என்பது என் ஆலோசனை. முதலில் 'பேக்கரின் ரொட்டி', பிறகு 'மறுசரிவுகள்'. அவற்றைப் பார்த்த கண்ணோடு டேகல் சிறை வாசலுக்கு வந்தால், ஃபாஸ்பிண்டர் எதை இரவல் வாங்கினார், எதைத் தானாகச் சேர்த்தார் என்பது பிரிந்து தெரியும்.